மாமா பொல்லெடுத்த அன்று

மாமா வருகிறார் என்ற செய்தி கிடைத்த நாளிலிருந்து எங்கள் வீட்டு டிவிடி பெட்டிக்கு ஓய்வே இல்லை. மாமா என்றால் உம்மாவோடு கூடப் பிறந்த மூத்த காக்கா. இருபது வயதில் இலங்கையில் எங்கள் ஊரான சாய்ந்தமருதிலிருந்து சென்னைக்குப் போய், நாற்பது வருடம் சினிமாவிலேயே கிடந்தவர். முதலில் கதாநாயகிக்குப் பின்னால் மூன்றாவது வரிசையில் ஆடினார். பிறகு முதல் வரிசை. பிறகு நடன மாஸ்டரின் உதவியாளர். கடைசியில் அவரே மாஸ்டர். நானும் எனக்கு மூத்தவளான ராத்தாவும் பழைய பாட்டுக் காட்சிகளை நிறுத்தி நிறுத்தி, கூட்டத்துக்குள் அவரைத் தேடுவோம்.

"அந்தா, மஞ்சள் சட்டை!" என்பேன் நான்.

"போடி, அது மாமா இல்ல" என்று ராத்தா இன்னொரு சட்டையைக் காட்டுவாள். ஒரு மாதத்துக்குள் பாதி நடனக்காரர்கள் எங்களுக்கு மாமாவாகிவிட்டார்கள்.

வந்தவரோ மெலிந்த, சத்தமில்லாத மனிதர். விடியற்காலையில் சுபஹு தொழுதுவிட்டுக் கடற்கரையில் நடப்பார். ஆடிக் காட்டச் சொன்னால் முழங்காலைத் தட்டிச் சிரிப்பார். பள்ளிக்கூடம் முழுக்கப் பெருமை அடித்துவைத்திருந்த எனக்கு மானம் போகிற நிலை.

அந்தக் கிழமை பக்கத்து வீட்டில் கல்யாணம். பின்னேரம் மாப்பிள்ளை ஊர்வலத்துக்கு முன்னால் பொல்லடிக்காரர்கள் கம்போடு கம்பு தட்டி, சோடி சோடியாக ஆடி வந்தார்கள். எங்கள் வாசலில் ஆட்டத்தை நிறுத்திய அவர்களின் குரு, அண்ணாவியார், "மாஸ்டர், புடிங்க" என்று இரண்டு பொல்லை நீட்டினார். மாமா பின்வாங்கினார். உடனே வாப்பா, சத்தம் போட்டுச் சிரித்தே நான் பார்த்திராத என் வாப்பா, சாரனை மடித்துக் கட்டிக்கொண்டு தெருவில் இறங்கினார்.

"வா மச்சான். அந்த நாளையில நாமதானே சோடி!"

மாமா இறங்கினார். பாட்டு மெல்லத்தான் தொடங்கியது. பத்து அடிக்குள் முழங்கால் வலி எங்கே போனதோ தெரியாது. குனிந்தார், சுழன்றார், துள்ளினார். தெரு கைதட்டியது. நான் மதிலில் ஏறி நின்று தொண்டை கட்டும்வரை கத்தினேன். தாளம் ஏற ஏறப் பொல்லுகள் கண்ணுக்கே தெரியவில்லை. அப்போது எல்லோரும் இடப்பக்கம் திரும்ப, மாமா மட்டும் வலப்பக்கம் திரும்பினார். வாப்பாவின் பொல்லு அவருடைய விரலில் விழுந்தது.

ஆட்டம் நின்றது. சினிமாவில் எத்தனையோ பேரை ஆட்டிவைத்தவர் விரலை உதறிக்கொண்டு சொன்னார்: "மறந்து போச்சி மச்சான். ஒருக்காக் காட்டித் தா."

வாப்பா காட்டிக் கொடுத்தார். தாளம் மறுபடி தொடங்கியது. இந்தத் தடவை இருவரும் ஒரு அடியும் பிசகாமல் கடைசிவரை ஆடினார்கள். சனம் ஆர்ப்பரித்தது.

ஊர்வலம் நகர்ந்த பிறகு மாமா எங்கள் படியில் உட்கார்ந்து அழுதார். விரல் வீங்கியிருந்தது. நான் உள்ளே ஓடி ஐஸ்கட்டி கொண்டு வந்தேன். அவர் அதைத் திரும்பியும் பார்க்கவில்லை. வலிக்கிற மனிதர் ஐஸை வாங்காமல், அடித்த வாப்பாவின் கையையே ஏன் இப்படி இறுக்கிப் பிடித்துக்கொண்டிருக்கிறார் என்று, கை விறைக்க நின்ற எனக்கு விளங்கவேயில்லை.