சுகிர்தாவின் பதினொரு நிமிடப் படம்

எந்திரம் ஓடத் தொடங்கியதும் சுகிர்தாவின் உதடுகள் அசையும். ஒன்பது வருடமாகப் பக்கத்து எந்திரத்தில் நின்று பார்த்திருக்கிறேன். ஜெபம் செய்கிறாள் என்றுதான் நினைத்தேன். தகடு அடிபடும் சத்தத்துக்கு அவள் வார்த்தை கோத்துக்கொண்டிருந்தாள் என்பது, படம் எடுத்த பிறகுதான் தெரிந்தது.

கும்மிடிப்பூண்டியில் எங்களுக்குத் தகடு அழுத்தும் வேலை. தகட்டை வைத்து, இரண்டு பட்டனையும் இரண்டு கையால் ஒரே நேரத்தில் அமுக்க வேண்டும். அப்போதுதான் மேலிருந்து அச்சு இறங்கும். கை உள்ளே மாட்டக் கூடாது என்று அப்படி வைத்திருக்கிறார்கள். ஒரு ஷிப்டுக்கு இரண்டாயிரம் தடவை.

அவள் தம்பி கல்யாணத்துக்கு வீடியோ எடுக்க வந்த அன்புராஜ், அவள் அந்த வார்த்தைகளை எழுதி வைத்திருந்த நோட்டைப் படித்துவிட்டு அதையே படமாக்கினான். ஆரம்பாக்கத்தில் சர்ச் ஹாலில் ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் படத்தைப் போட்டுக் காட்டினார்கள்.

"யார் சிரிச்சாலும் பரவால்லக்கா. நீ பாத்துட்டு சரியா கீதான்னு மட்டும் சொல்லு. நீ சரின்னா அடுத்தது எடுக்கறேன். இல்லாங்காட்டி இத்தோட வுட்டுடறேன்," என்று சுகிர்தா என்னிடம் முன்பே சொல்லியிருந்தாள்.

படத்தில் கதை இல்லை. கம்பெனி சட்டையோடு அறுத்த வயலில் தனியாக நிற்கிறாள். எதிரே எந்திரம் கிடையாது. வெறும் காற்றில் தகடு வைக்கிறாள், அமுக்குகிறாள், எடுக்கிறாள். பாட்டுக்குப் பதிலாக இரும்பை இழுக்கிற சத்தம். நடுவில் அவள் குரல்: "கையைக் கழுவிவிட்டேன். கை இன்னும் வேலையில் இருக்கிறது."

"இன்னாம்மா இது, கொசு அடிக்கிறாளா?" என்றாள் எனக்குப் பின்னால் இருந்த, எங்கள் கம்பெனி சுமலதா. நாலு பேர் சிரித்தார்கள்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. மடியில் என் கைகள் இரண்டும் சுகிர்தாவோடு சேர்ந்து அமுக்கிக்கொண்டிருந்தன. எனக்கே அது தெரியவில்லை. சுமலதாதான் எட்டிப் பார்த்தாள்.

"ஐய, இத பாருங்கடி! அக்காவுக்கும் புட்சிக்கிச்சு!"

ஹாலே திரும்பியது. கைகளை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டேன். பிறகு நானும் சிரித்தேன், வாய்விட்டு. நாலு பேர் முன்னால் நான் அப்படிச் சிரித்ததே இல்லை. அதன் பிறகு யாரும் அடங்கவில்லை. முன்வரிசையில் இருந்த சுகிர்தா திரும்பினாள். சுமலதாவைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தாள்.

அப்படியும் வாசலில் வந்து கேட்டாள். "சரியா இருந்திச்சாக்கா?"

"எனக்கு இன்னாடி தெரியும்? எட்டாவதுகூடத் தாண்டல நானு."

"உன்னாண்ட படிப்பா கேட்டேன்?" என்று சொல்லிவிட்டு நடந்தாள்.

இரண்டு வருடமாகிறது. அன்புராஜ் மறுபடி கூப்பிட்டும் அவள் போகவில்லை. இருவரும் அதே எந்திரங்களில்தான் நிற்கிறோம். சாப்பாட்டு நேரத்தில் குழம்பைப் பற்றி, கம்பெனி வண்டி தாமதமாவதைப் பற்றிப் பேசிக்கொள்கிறோம். படம் சரியாக இருந்தது என்று நான் இன்னும் அவளிடம் சொல்லவில்லை.