ஐரிஸ் கெல்டன் எப்போது சாப்பிடுவாள்?

அப்பாவும் ஜினமதியும் கடைசியாகச் சேர்ந்து செய்த வேலை, ஒரு பழைய இங்கிலீஷ் படத்தின் ரீல்களைத் திருப்பிச் சுற்றியது. விழுப்புரம் வீட்டுக் கூடத்தில், மேசையில் ரீவைண்டரைத் திருகி வைத்து அவர் கைப்பிடியைச் சுற்றினார். அவள் மெல்லிய துணியால் ஃபிலிமின் ஓரத்தைப் பிடித்து ஓடவிட்டாள். எங்காவது கிழிந்திருந்தால் விரலில் தட்டும். தட்டிய இடத்தில் நிறுத்தி, பிளேடால் சுரண்டி, பசை தடவி ஒட்டினாள். எலக்ட்ரானிக்ஸ் டிப்ளமோ படித்தவள், பாண்டிச்சேரியில் டி.வி. பழுது பார்க்கும் வேலை. ஞாயிறு மட்டும் வீட்டுக்கு வருவாள்.

"உன் ஒட்டு நிக்குதும்மா" என்றார் அப்பா. அதற்கு மேல் பாராட்ட அவருக்குத் தெரியாது.

அப்பா அஜிதநாதன் சினிமா விநியோகக் கம்பெனியில் வேலை பார்த்தவர். தமிழ்ப் படப்பெட்டியோடு பஸ் ஏறி ஊர் ஊராகப் போவார். இரண்டாவது ஆட்டம் முடியும்வரை கொட்டகையில் இருந்து, கூட்டம் எப்படி என்று கம்பெனிக்குச் சொல்லவேண்டும். செஞ்சிப் பக்கத்துச் சமணக் குடும்பம், ஊரில் நயினார் என்பார்கள். பொழுது சாய்ந்தபின் சாப்பிடமாட்டார். விடிந்துதான் வாயில் தண்ணீர் படும். கொட்டகை ஆட்கள் புரோட்டா பிய்க்கும்போது அவர் வெறும் வயிற்றோடு போஸ்டர்களைப் பார்த்துக்கொண்டு நிற்பார்.

திண்டிவனத்துக் கொட்டகை ஒன்றில் ஞாயிறு காலை மட்டும் பழைய கறுப்பு வெள்ளை இங்கிலீஷ் படம் போடுவார்கள். அங்கேதான் ஐரிஸ் கெல்டனைக் கண்டுபிடித்தார். அவருக்கு இங்கிலீஷ் அவ்வளவாக ஓடாது. முகத்தைப் பார்த்துக் கதையைப் பிடிப்பார். அவள் நடித்த படங்களில் எப்போதும் ராத்திரி. மழை பெய்த தெரு, பாதி முகத்தில் நிழல். சிகரெட் பிடிப்பாள், பொய் சொல்லுவாள், யாரையாவது சுடச் சொல்லுவாள். தட்டு முன்னால் வந்தாலும் ஒரு வாய் எடுக்கமாட்டாள்.

கொட்டகை மேனேஜர் கோதண்டபாணிக்கு அதுவே கேலியாகிவிட்டது. "ஏன் நயினாரே, ராத்திரி பூரா கொலை பண்ணிக்கினு திரியுது, ஒரு வாய் சோறு துன்னுதா பாருங்க. உங்காளுதான் அந்தம்மா."

"கொலை பண்றவ எங்காளு இல்லப்பா. பட்டினியில மட்டும் எங்காளு."

பெட்டிகள் வந்த வரிசைக்கும் அவள் வயதுக்கும் சம்பந்தமில்லை. ஒரு மாதம் கண்ணோரச் சுருக்கத்தோடு லாட்ஜ் நடத்துவாள். அடுத்த மாதம் சின்னப் பெண்ணாக டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஒரே வசனம் பேசுவாள். அப்பா வந்து சொல்லச் சொல்ல, காரின் வடிவத்தையும் தலைமுடியையும் விசாரித்து ஜினமதி வரிசைப்படுத்தினாள். முதலில் டெலிபோன் பெண். பிறகு ஹோட்டல் பாடகி. பிறகு புருஷனைக் கொல்லத் திட்டம் போடும் மனைவி, அந்த வேஷம்தான் நிறைய. பிறகு லாட்ஜ்காரி. அதற்குப் பின் ஒன்றும் வரவில்லை.

எந்தப் படத்திலும் அவளுக்கு விடியவில்லை. துப்பாக்கி வெடிக்கும், கொட்டகையில் விளக்கைப் போட்டுவிடுவார்கள். ஒரு படத்திலாவது பொழுது விடிந்து அவள் சாப்பிடுவதைப் பார்த்துவிட வேண்டும் என்பது அப்பாவின் ஆசை. அம்மா அனந்தவல்லி கேட்டுவிட்டு, பெத்த பொண்ணு சாப்பிட்டாளா என்று இத்தனை விசாரிச்சதில்லை என்றாள்.

ரீல் சுற்றிய அந்த ஞாயிறு கோதண்டபாணி, விழுப்புரத்தில் பார்சல் போட்டுவிடும்படி ஐரிஸ் படம் இருந்த இங்கிலீஷ் பெட்டியை அவரிடம் கொடுத்தனுப்பியிருந்தார். இங்கிலீஷ் பெட்டி அவர் கைக்கு வந்தது அதுதான் முதல் தடவை. ரீல்களைச் சுற்றி முடித்து அடுக்கும்போதுதான் மூடியில் எழுதியிருந்ததை ஜினமதி பார்த்தாள். ஏழு ரீல் என்று இருந்தது. உள்ளே இருந்தது ஆறு.

அப்பா ஆறாவது ரீலைப் பிரித்து, கடைசி நுனியை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். துப்பாக்கிப் புகை. அதோடு சரி.

"இதோட முடிஞ்சுதுன்னு நெனச்சேன்" என்றார். எதிர்வீட்டு மளிகைக் கடைப் போனுக்குப் போனார்.

கோதண்டபாணி ஒளிக்கவில்லை. சண்டை முடிந்தால் ஜனம் எழுந்துவிடுகிறது, மேட்னிக்குக் கொட்டகையைக் காலி பண்ணவேண்டும், அதனால் இங்கிலீஷ் படத்துக்குக் கடைசி ரீல் ஓட்டுவதே இல்லை என்றார். இந்த ஏழாவது ரீல் ஆபரேட்டர் ரூமில்தான் எங்கேயோ கிடக்கும், தேடி வைக்கிறேன், வந்து எடுத்துக்கொள்ளுங்கள் என்றார்.

அப்பா திரும்பி வந்து ரீவைண்டர் முன்னால் உட்கார்ந்தார். "அப்ப இத்தினி வருஷமா பார்த்ததெல்லாம்?" என்று கேட்டார்.

"எல்லாத்துலயும் விடிஞ்சிருக்கலாம்பா" என்றாள் ஜினமதி.

அவர் முகம் விரிந்தது. பெட்டியை அனுப்பாமல் நிறுத்திவைத்தார். மழை விட்டதும் திண்டிவனம் போகிறேன் என்றார். ஐப்பசி மழை விடவில்லை. வியாழக்கிழமை மாரடைப்பு. ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும் வழியில் போய்விட்டார். அதைப் பாண்டிச்சேரியில் இருந்த ஜினமதிக்கும் போனில்தான் சொன்னார்கள்.

கோதண்டபாணி துக்கத்துக்கு வந்தார். வாசலோடு நின்று துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். ரீல் கிடைத்துவிட்டது, தகர டப்பாவில் போட்டு வைத்திருக்கிறேன் என்றார்.

அந்த நேரத்தில் கேட்கக்கூடாத கேள்விதான். ஜினமதி கேட்டாள். "சாப்பிடறாளா?"

"ஓட்டிப் பாக்கலம்மா. நயினாரு வந்து பாக்கட்டும்னு வச்சிருந்தேன்."

ஏழாவது ரீல் திண்டிவனத்தில் இருக்கிறது. போய் எடுத்து வரவேண்டும்.