இரண்டில்லை என்று சொன்ன குரல்

அச்சகத்தின் மாடியில், ஜன்னலோர மேசைதான் அவளுடைய இடம். கீழே இயந்திரம் ஓடினால் மேசையும் சேர்ந்து அதிரும். காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, பதிவு செய்த பேச்சுகளைக் கேட்டுக் கேட்டுத் தட்டச்சு செய்வது வேலை. எல்லோருக்கும் அவள் டைப்பிஸ்ட் அக்கா. அச்சக முதலாளி அவளைவிட ஆறு வயது மூத்தவர், அவருக்கும் அக்காதான்.

பதினோரு வருடங்களாக அந்தக் காதுக்குள் பெரும்பாலும் ஒரே குரல். அத்வைதம் பற்றி வாராவாரம் ஒரு மண்டபத்தில் பேசிவந்த பேராசிரியருடைய குரல். உள்ளது ஒன்றுதான், நான் வேறு நீ வேறு என்பது வெறும் தோற்றம் என்பதை அவர் நூறு விதமாகச் சொல்வார்.

"சுவர் எழுப்பிட்டா, ரூமுக்குள்ள இருக்கிற வெளி தெருவுல இருக்கிற வெளியிலேருந்து அறுந்து போயிடுமா? சுவரை இடிச்சா ரெண்டும் சேர்ந்துச்சுன்னு சொல்வீங்களா? பிரிஞ்சிருந்தாத்தானே சேர்றதுக்கு!"

சொல்லிவிட்டு அவர் சிரித்தால் இங்கே அவளும் சிரிப்பாள். எந்த வாரம் அவருக்குச் சளி, எப்போது புதுப் பல் கட்டினார், என்றைக்குச் சாப்பிடாமல் பேச வந்தார், எல்லாம் அவளுக்கு அத்துப்படி. ஆளைத்தான் பார்த்ததில்லை. மண்டபம் நாலே தெரு தள்ளி. கூட்டம் மாலை ஐந்தரைக்கு. போயிருக்கலாம். ஆனால் அங்கே அவர் நூறு பேரைப் பார்த்துப் பேசுவார். இங்கே தன்னிடம் மட்டும் பேசுகிறார்.

அவள் இருந்தது அண்ணன் வீட்டில். "வந்த மாப்பிள்ளையை எல்லாம் வேணாம்னுட்டு, இப்போ மெஷினைக் காதுல மாட்டிக்கிட்டுத் தனியாச் சிரிக்கிறாளாம்" என்று அண்ணி கேலி செய்வாள்.

"வேலை அண்ணி அது" என்பாள் இவள், முகத்தைத் திருப்பிக்கொண்டு.

ஒருநாள் அந்தக் குரல் சொன்னது: "ஏக்கம்னா என்ன? சுத்த அறியாமை. இல்லாத ரெண்டாவது ஒண்ணைத் தேடி அலையுறது." அவள் அதைத் தட்டச்சு செய்தாள். பிறகு ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு எழுந்து போய்த் தண்ணீர் குடித்தாள். அன்றைக்கு மேற்கொண்டு வேலை ஓடவில்லை. யாரோ தன்னை நாலு பேர் முன்னால் திட்டிவிட்டது போல் இருந்தது.

அடுத்த வருடம் பேராசிரியரின் மனைவி இறந்துபோனார். மூன்று வாரம் பதிவு வரவில்லை. நாலாவது வாரம் வந்ததில், "ரெண்டாவதுன்னு ஒண்ணு" என்று ஆரம்பித்தவர் அப்படியே நின்றுவிட்டார். நாற்காலி கிரீச்சிட்டது. யாரோ இருமினார்கள். நாற்பது விநாடி கழித்துத்தான் "இல்லை" என்ற சொல் வந்தது. தாளில் அந்த இடைவெளிக்கு ஓர் அடையாளமும் இல்லை. சொல்லுக்குப் பக்கத்தில் சொல்லாகத்தான் அவள் அடித்துக் கொடுத்தாள்.

பேச்சுகளைத் தொகுத்துப் புத்தகமாக்கும் வேலை முடியப்போகும் நேரத்தில் அவருக்குப் பக்கவாதம் வந்தது. வலது கையும் பேச்சும் போய்விட்டன. அவருடைய மகள் அச்சகத்துக்கு வந்தாள்.

"அப்பா பேசினது அப்பாவைவிட உங்களுக்குத்தான் நல்லாத் தெரியும்னு சொல்றாங்க. வந்து கடைசியா ஒரு தடவை படிச்சுக் காட்டுறீங்களா? சரின்னா தலையாட்டுவார்."

சனிக்கிழமை காலை இரண்டு முறை தலை சீவிக்கொண்டு போனாள். நெடிய ஆள் என்று நினைத்திருந்தாள். சக்கர நாற்காலியில், தோளில் சின்னத் துண்டோடு, பொடியாக ஒருவர் இருந்தார். அவள் படிக்க ஆரம்பித்தாள். அவர் மூச்சுவிடும் இடத்தில் மூச்சுவிட்டு, அவர் இழுக்கும் சொல்லை இழுத்துப் படித்தாள். அவர் நிமிர்ந்து பார்த்தார். உதடுகள் கூடவே அசைந்தன.

ஏக்கத்தைப் பற்றிய வரி வந்ததும் நிறுத்திவிட்டாள்.

"என்னாச்சு?" என்றாள் மகள்.

"இதைப் படிக்க எனக்கு மனசு வரல." பிறகு அவரிடமே திரும்பினாள். "சார், அம்மா போனதுக்கு அப்புறம் முதல் தடவை பேசினப்போ நடுவுல நின்னுட்டீங்க. நாப்பது செகண்டு. நான் எண்ணினேன். அதுவும் அறியாமைதானா?"

மகள் பதறிப்போய் அப்பாவைப் பார்த்தாள். அவர் கோபப்படவில்லை. பக்கத்தில் இருந்த எழுதும் பலகையைச் சைகையால் கேட்டார். இடது கையால், கோணல் எழுத்தில், 'சொன்னது பொய் இல்ல' என்று எழுதினார். வெகுநேரம் கழித்து அதன் கீழே, 'போதல.'

பிறகு தாளில் இருந்த அந்த வரியைக் கோடு போட்டு அடித்துவிட்டு, பேனாவை அவளிடம் நீட்டினார்.

"நானா சார்?"

தலையாட்டினார்.

முதலில் எழுதியதற்கும் இரண்டாவதற்கும் வேண்டாம் என்று தலையசைத்துவிட்டார். மூன்றாவதாக அவள் எழுதினாள்: 'இரண்டில்லை என்று அறிந்தவருக்கும் ஏக்கம் வரும். ஒன்றுதான் என்பதை அறிவுக்கு முன்பே நெஞ்சு தெரிந்துகொண்டதால் வருவது அது.' தன் மனதில் இருந்து வந்ததா, பதினோரு வருடம் கேட்டுக் கேட்டு ஊறியதா என்று அவளுக்கே பிடிபடவில்லை. அவர் தலையாட்டிவிட்டு, கண்ணை மூடிக்கொண்டு இடது கையைத் தாளின் மேல் வைத்தார். அவள் கைக்கும் அதற்கும் ஒரு விரல் இடைவெளி. அந்த ஒரு விரல் இடைவெளி கடைசிவரை அப்படியே இருந்தது.

இன்னும் நாலு சனிக்கிழமைகளில் புத்தகம் முடிந்துவிட்டது. அதற்கு மேல் போக முகாந்திரம் இல்லை. அடுத்த சனிக்கிழமை அந்தத் தெருமுனை வரை நடந்துபோய், யாராவது கேட்டால் என்ன சொல்வது என்று தெரியாமல் திரும்பிவிட்டாள். புத்தகம் பைண்டிங்கில் இருக்கும்போது அவர் போய்ச் சேர்ந்தார்.

நினைவுக் கூட்டம் அந்த மண்டபத்திலேயே நடந்தது. முதல்முறையாக உள்ளே போய் நாலாவது வரிசையில் உட்கார்ந்தாள். மகள் புத்தகத்தைப் பிரித்து அந்த இரண்டு வரிகளையும் படித்தாள். "இது அப்பா கடைசியாத் திருத்தின இடம்" என்று சொல்லும்போது அவள் கண் இவளைத் தேடியது. இவள் வேண்டாம் என்று தலையசைத்தாள்.

பக்கத்து இருக்கைக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "எப்பேர்ப்பட்ட மனுஷர்! அவரைத் தவிர வேற யார் இப்படிச் சொல்ல முடியும்?"

"ஆமா" என்றாள். மனதாரத்தான் சொன்னாள்.

வீட்டுக்கு வந்ததும் அண்ணி கேட்டாள்: "கூட்டம் எப்படி இருந்துச்சு?"

"நல்லாப் பேசினாங்க அண்ணி" என்றாள். செருப்பைக்கூடக் கழற்றாமல் சுவரோரம் உட்கார்ந்து அழுதாள். அண்ணி கேலி எதுவும் செய்யவில்லை. உரித்துக்கொண்டிருந்த வெங்காயத் தட்டைத் தள்ளி வைத்துவிட்டு, பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.