கடல் இல்லாத கிரேன்

மதினி என்றதும் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது அந்தக் கம்ப்யூட்டர் திரைதான். நடுவே ஒரு மஞ்சள் கிரேன், அதன் கொக்கியில் ஒரு கண்டெய்னர். கீழே கடல் இருக்க வேண்டிய இடத்தில் வெறும் சாம்பல் நிறம்.

அண்ணன் மதினியைக் கட்டி வரும்வரை எங்கள் குடும்பத்தில் கம்ப்யூட்டர் என்றால் நான்தான். தூத்துக்குடியில் கிரேன் ஓட்டப் பழக்கும் மையம் ஒன்றில் எனக்கு வேலை. பழக வருபவர்கள் நிஜக் கிரேனில் ஏறுமுன் கம்ப்யூட்டரில் ஓட்டிப் பார்க்க வேண்டும். முதலாளி அண்ணாச்சி புதிதாக வாங்கிய பயிற்சி மென்பொருள் எங்கள் பழைய கம்ப்யூட்டர்களில் திறக்கவே இல்லை. கிராபிக்ஸ் கார்டு இல்லாமல் ஓடாது என்று அடித்துச் சொல்லிவிட்டேன். புது வகுப்பு தொடங்குவதற்குள் ஓட வைப்பவருக்கே லேப் பொறுப்பு என்றார் அண்ணாச்சி. அந்தப் பொறுப்பு எனக்குத்தான் என்று வீட்டில் எல்லோரிடமும் சொல்லி வைத்திருந்தேன்.

பக்கத்து ஊர் நாசரேத்தில் படித்த மதினி அதே மையத்தில் பாடம் எடுக்க வந்து சில மாதம்தான் ஆகியிருந்தது. கார்டு வரைய வேண்டிய படத்தை பிராசசரையே வரைய வைக்கும் ஒரு கோப்பை இன்டர்நெட்டிலிருந்து இறக்கி, மென்பொருள் இருந்த ஃபோல்டருக்குள் போட்டார். கிரேன் எழுந்து நின்றது. ஆனால் ஆமை வேகம். நிழல்களை நிறுத்தினார், படத்தைச் சிறிதாக்கினார், கடைசியில் அலையடிக்கும் கடலையே அணைத்தார். கண்டெய்னர் தடங்கலில்லாமல் மேலே எழும்பியது. எனக்கு வயிறு எரிந்தது.

"கடலக் காணலயே. தூத்துக்குடியில கடல் இல்லாம ஹார்பரா?" என்றேன், ஒரு குறை கிடைத்த சந்தோஷத்தில்.

"ஏலே, கடல் வேணும்னா சன்னலத் தொறந்து பாரு," என்றார் அண்ணாச்சி. பொறுப்பு மதினிக்குப் போனது.

அன்று சாயங்காலமே மதினி என்னை உட்காரவைத்து, "கொழுந்தனாரே, இங்கன பாருங்க, இதத்தான் போட்டேன்," என்று ஒவ்வொன்றாகக் காட்டினார். மறைத்திருந்தால் நிம்மதியாக வெறுத்திருப்பேன். தலையை ஆட்டிக் கேட்டுக்கொண்டேன்.

போன வாரம் சாத்தான்குளம் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் இதே தொல்லை என்று என்னைக் கூப்பிட்டிருந்தார்கள். பழைய கம்ப்யூட்டர்கள், திறக்காத அறிவியல் பாடம். அந்தக் கோப்பைப் போட்டேன், பாடம் ஓடியது. வாத்தியார் என்னைப் புகழ்ந்த புகழ்ச்சியில் உச்சி குளிர்ந்து, "எங்க மதினி காட்டித் தந்தது," என்று வாய் தவறிச் சொல்லிவிட்டேன்.

"அப்படியா? அப்போ அவங்க நம்பரக் குடுங்க ஸார். அடுத்த தடவ அவங்களயே கூப்பிட்டுக்கிடுதோம்."

ஒரு எண்ணை மாற்றிச் சொல்லிவிடலாமா என்று நினைத்தேன். சரியாகத்தான் சொன்னேன். வீடு வந்து சேரும்வரை அதற்கும் மதினி மேல்தான் கோபம் வந்தது.