தோசைக்கல் அவனுக்கு, இடம் எனக்கு

ஹெப்பகோடியில் கம்பெனி கேட்டுக்கு எதிரே டிபன் கடை வைத்திருந்தவனுக்கு நான்கு வருடம் தோசை மாவு அரைத்துக் கொடுத்தேன். என் மாவைப் பற்றி நானே பெருமை பேசக் கூடாதுதான். ஆனால் பேச வேண்டியவன் பேசவில்லையே. ஷிஃப்ட் முடிந்து சாப்பிட வருகிற பிள்ளைகள், "மாவு எங்கண்ணா வாங்கறீங்க?" என்று கேட்டால், "எங்க வீட்டு மாவு, என் சம்சாரம் அரைக்கிறது" என்பான். அந்தப் பெண் காலை எட்டு மணி பஸ் பிடித்து வேலைக்குப் போகிறவள். அரைக்க அவளுக்கு நேரம் ஏது.

கடைசி வருடம் மாவு போய்க்கொண்டே இருந்தது, பணம் மட்டும் நின்றுபோனது. நேரில் போய்க் கேட்டேன். கரண்டியை வைக்காமலே, "எந்த மாவும்மா?" என்றான். பணம் போனால்கூடப் பொறுத்திருப்பேன். அந்த ஒரு கேள்விதான் மாவை நிறுத்த வைத்து, என்னைக் கோர்ட்டுக்குக் கொண்டுபோனது.

நான் எழுத்துக் கூட்டித்தான் படிப்பேன். பஸ் போர்டைப் படித்து முடிப்பதற்குள் பஸ் போய்விடும். ரசீது, பில் எதுவும் என்னிடம் கிடையாது. அந்தத் தைரியத்தில்தான் அவன் கோர்ட்டில் நிமிர்ந்து நின்றான். ஆனால் எனக்குப் படிக்க வராது என்பதால், தினமும் போனில் பேசிப் பதிவு பண்ணித்தான் எனக்குச் செய்தி அனுப்புவான். என் வக்கீல் பொண்ணு அதையெல்லாம் ஒவ்வொன்றாகப் போட்டுக் காட்டினாள். "அம்மா, நாளைக்கு ரெண்டு டின் சேத்து அனுப்புங்க." "அம்மா, இன்னைக்கு மாவு சூப்பரு, கல்லுல ஒட்டவே இல்ல." ஜட்ஜ் கைக்குட்டையால் வாயைத் துடைத்தார், ரொம்ப நேரம் துடைத்தார். தீர்ப்பு என் பக்கம் வந்தது.

தீர்ப்பு வந்தால் பணம் வந்துவிடும் என்று இருந்தேன். வராதாம். வசூலுக்கு இன்னொரு மனு போட வேண்டுமாம். போட்டோம். ஜப்தி செய்யக் கோர்ட்டு அமீனா வந்தார். கன்னடக்காரர், தமிழும் பேசுவார். வேடிக்கை பார்க்க நானும் போனேன்.

அமீனா ஃப்ரிட்ஜைத் தொட்டார். "தவணை முடியல சார், இன்னும் கடன் குடுத்தவங்களுதுதான்" என்றான் கடைக்காரன். மிக்ஸியைத் தொட்டார். "அது மச்சானுது." தோசைக்கல்லை அமீனா தானாகவே விட்டுவிட்டார். கையால் தொழில் செய்கிறவனின் சாமானை எடுக்கக் கூடாதாம்.

"அப்போ எதைத்தான் எடுப்பீங்க சார்?" என்று கேட்டேன்.

"கடையை."

"கடை ஓனருதாச்சே."

"செவுருதாம்மா ஓனருது. இங்க இருந்து யாபாரம் பண்ற உரிமை இவருது. அக்ரிமென்ட்ல இன்னும் ஆறு வருஷம் பாக்கி. வேற ஆளுக்கு மாத்தலாம்னும் எழுதியிருக்கு. அதை ஜப்தி பண்ணி ஏலம் விடலாம்."

கடையை மேலும் கீழும் பார்த்தேன். உரிமை எங்கேயும் தென்படவில்லை. "மூட்டை கட்டி எடுத்துட்டுப் போக சாக்கு கொண்டாந்தீங்களா?" என்றேன்.

"மூட்டெயெல்லா பேடம்மா" என்று, மூட்டையெல்லாம் வேண்டாமென்பதைக் கன்னடத்தில் சொல்லி, கதவில் ஒரு காகிதத்தை ஒட்டினார். அவ்வளவுதான், எடுத்தாகிவிட்டது.

ஏலம் வருகிறதென்று தமட்டை அடித்து ஊருக்குச் சொல்ல வேண்டும், அது முறை. அமீனா கூட்டிவந்தவர் கோயில் ஊர்வலத்துக்கு அடிக்கிறவர், அவருக்கு அந்த அடிதான் வரும். சாப்பிட்டுக்கொண்டிருந்த பிள்ளைகள் தட்டோடு வெளியே வந்து ஆட ஆரம்பித்துவிட்டார்கள். கடைக்காரனும் எட்டிப் பார்த்தான். "என்ன விசேஷம்?" என்றான். "உன் கடைதான் தம்பி" என்றேன்.

ஏலத்தன்று பட்டுப்புடவை கட்டிக்கொண்டு போனேன். ஏலத்தில் நானும் கேட்கலாம், கேட்கும் விலையை எனக்கு வர வேண்டியதில் கழித்துக்கொள்ளலாம் என்று வக்கீல் பொண்ணு அனுமதி வாங்கி வைத்திருந்தாள். பக்கத்து ஜூஸ் கடைக்காரர் வந்தார், செல்போன் கவர் விற்கிறவர் வந்தார். அந்த இடத்தில் டிபன் கடை தவிர வேறு நடத்தக் கூடாது என்று அக்ரிமென்டில் இருப்பதை அமீனா படித்ததும் இரண்டு பேரும் பின்னால் நகர்ந்துகொண்டார்கள். மிஞ்சியது நான். எனக்கு வர வேண்டியது முழுவதையும் விலையாகச் சொன்னேன்.

"ஒந்து சாரி. எரடு சாரி." ஒரு தரம், ரெண்டு தரம் என்று சொல்லிவிட்டு அமீனா நிறுத்தி, கடைக்காரனைப் பார்த்தார். "இப்போ கட்டினாலும் ஏலத்தை நிறுத்திடறேன்."

"யார் மாவுக்கு யார் சார் கட்றது?" என்றான் அவன்.

"மூரு சாரி" என்றார் அமீனா.

ஆட்சேபம் இருந்தால் சொல்ல அவனுக்கு நாள் கொடுத்தார்கள். அவன் சொல்லவில்லை. கோர்ட்டு விற்பனையை உறுதி செய்து, சாவி என் கைக்கு வந்தது. மறுநாள் காலையில் மாவு டின்னோடு போய்க் கடையைத் திறந்து ஸ்டூலில் உட்கார்ந்தேன். அன்றிலிருந்து வாடகை நான் கட்ட வேண்டும், டிபன் கடைதான் நடத்த வேண்டும். என் முழங்காலை வைத்துக்கொண்டு கல்லுக்கு முன்னால் கால் மணி நேரம்கூட நிற்க முடியாது. அதை நான் யாரிடமும் சொல்லவில்லை.

தோசைக்கல்லை எடுத்துப் போக அவன் வந்தான். அதைத் தூக்க நாலு ஆள் வேண்டும். இவன் ஒருத்தன்தான் வந்திருந்தான்.

"எடுத்துக்கோப்பா" என்றேன்.

"எங்கம்மா கொண்டுபோய் வைக்கிறது?"

"அது உன் பாடு."

"நீங்க யாரை வெச்சு தோசை ஊத்துவீங்க?"

"அது என் பாடு."

ரெண்டு பேரும் கல்லைப் பார்த்துக்கொண்டிருந்தோம். கடைசியில், "சம்பளம் எவ்வளவு குடுப்பீங்க?" என்று கேட்டான். சொன்னேன். பேரம் பேசினான். பேரம் பேசுகிறவன் நிற்பான் என்று தெரிந்து, பாதி வழி இறங்கினேன்.

"மாவைப் பத்தி யாராவது கேட்டா?" என்றேன்.

அவன் அடுப்பைப் பற்றவைத்தான்.

இரவு ஷிஃப்ட் முடித்த ஏழெட்டுப் பேர் வந்தார்கள். ஒரு பையன் முதல் வாய் வைத்ததுமே கேட்டான். "என்னண்ணா, பழைய டேஸ்ட் வந்துருச்சு. அக்கா அரைச்சதா?"

அவன் கல்லில் தண்ணீர் தெளித்தான், துடைத்தான், மறுபடியும் தெளித்தான். "இல்லப்பா. அம்மா மாவு" என்றான்.

"எந்த அம்மா?"

கரண்டியால் என்னைக் காட்டினான். "இவங்கதான். ஆரம்பத்துல இருந்தே இவங்க மாவுதான்."

எனக்கு நன்றாகவே கேட்டது. இருந்தாலும், "அடுப்புச் சத்தத்துல காது கேக்கல தம்பி, என்ன சொன்ன?" என்றேன்.