ஆடினால் ரெண்டு தலை விழும்

கப்பல் சரக்கு இறக்கும் ஜெட்டியில் அன்று இருந்தவர்கள்: எங்களை மேய்க்கும் தண்டல். மாட்டுவண்டிக்கார அண்ணன். அவருடைய வெள்ளைக் காளை. என்னோடு மூட்டை தூக்கும் கூட்டாளி. நான். எதிரே முக்காலியில் பெட்டியை வைத்துக்கொண்டு ஒரு வெள்ளைக்காரன். மலாய் நாட்டை ஜப்பான்காரன் பிடிப்பதற்குச் சில வருஷம் முந்தி.

பெட்டியில் கைப்பிடி இருந்தது. ஆடும் படம் எடுக்கிறான், ஒரு மாசத்தில் சுங்கை பினாங் படக் கொட்டகையில் காட்டுவான் என்றார் தண்டல்.

நான் கேட்டிருந்த பெண்ணின் அப்பா அந்தக் கொட்டகைக்குப் பக்கத்தில் மாடு வைத்துப் பால் விற்றார். பெண் தர மறுத்துவிட்டார். "கோப்பிக் கடையில நிக்கிறதைத்தான் பாத்திருக்கேன். வேலை செஞ்சு பாத்ததில்ல" என்றார். அவர் பால் கறக்கும் நேரமும் எங்கள் வேலை நேரமும் ஒன்று. வந்து பார்க்க முடியாது. படத்தில் பார்க்கலாம்.

அரிசி மூட்டையை முதுகில் ஏற்றினேன்.

"யாரும் ஆடாதீங்க" என்றார் தண்டல். "ஆடினா படத்துல ஆளுக்கு ரெண்டு தலை விழும்." அவர் ஸ்டூடியோவில் நின்று போட்டோ எடுத்துக்கொண்டவர். நாங்கள் எடுத்ததில்லை.

"ஆடும் படம்தானே அண்ணே?" என்றான் கூட்டாளி.

"கொட்டகையில ஆடுறது மிஷினு. நாம ஆடக்கூடாது."

நின்றோம். மூச்சையும் பிடித்துக்கொண்டோம். வெள்ளைக்காரன் கைப்பிடியைச் சுற்றினான். பிறகு கையை வீசிக் கத்தினான்.

"ஜாலான்! ஜாலான்!"

"ரோடு கேக்குறான்" என்றார் தண்டல், உதடு அசையாமல். "காட்டுங்கடா."

"ஜாலான்னா நடன்னும் சொல்லுவாங்களே" என்றார் வண்டிக்கார அண்ணன்.

"மலாய் எனக்குத் தெரியும். நீ மாட்டைப் பாரு."

எந்த ரோடு என்று அவன் சொல்லவில்லை. ஆளுக்கு ஒரு பக்கம் கை நீட்டினோம். நான் கடலைக் காட்டினேன். ஒரு கை மூட்டையில் இருந்தது, மற்றது அந்தப் பக்கம்தான் போனது. வெள்ளைக்காரன் தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தான். சுற்றுவதை மட்டும் நிறுத்தவில்லை.

சொன்னபடி ஒரு மாசத்தில் கொட்டகையில் காட்டினார்கள். பெண்ணின் அப்பா எனக்கு முன் பெஞ்சில் இருந்தார்.

திரையில் நாங்கள் நின்றோம். கை நீட்டியபடி, நாலு பேர், நாலு திசை.

"படம் மாட்டிக்கிச்சுலா!" என்று ஒருத்தன் கத்தினான். மிஷின்காரன் ஓடிப்போய்த் தட்டினான். அப்போது காளை வாலைத் தூக்கிச் சாணி போட்டது. கொட்டகையே கைதட்டியது. படத்தில் ஆடியது அது ஒன்றுதான்.

என் கதை முடிந்தது என்று எழுந்தேன். பெண்ணின் அப்பா திரும்பினார்.

"டேய், மூட்டையில அரிசியா, தவிடா?"

"அரிசி."

"அவன் சுத்தி முடிக்கிற வரைக்கும் முதுகிலேயேவா?"

"ஆமா."

"ஏன் இறக்கல?"

"ஆடினா ரெண்டு தலை விழும்னாங்க."

வெற்றிலையை ஒதுக்கினார். யோசித்தார். பக்கத்தில் இருந்த மனைவியிடம் சொன்னார்: "மூத்தவளைக் கட்டினவன் மேடானுக்குக் கப்பலேறி ஓடிட்டான். இவன் ஓடமாட்டான். இவனுக்கு நகரவே தெரியல."

தை மாசம் கல்யாணம். நான் எங்கேயும் ஓடவில்லை.

பிள்ளைகள் ஏழு.