கடைசிக் குஞ்சு

லா சப்பல் தமிழ்க் கடைத்தெருவில் சாப்பாட்டுக்கடையொன்றில் கோப்பை கழுவுபவர் அவர். நோர்மண்டி ஆறொன்றில் தடுப்புகளை அகற்றி, சால்மன் மீன்கள் திரும்பிவர வழிசெய்யும் எங்கள் குழுவுக்கு ஞாயிறுகளில் வருவார். எந்த வெயிலிலும் முழுக்கைச் சட்டைதான்.

குஞ்சுகளை எண்ணுவதற்காக மீன்துறை ஆட்கள் தண்ணீரில் மெல்லிய மின்சாரம் பாய்ச்சுவார்கள். மயங்கி மிதப்பவற்றை எண்ணி, வாளியில் தெளியவைத்து ஆற்றில் விடுவோம். கடைசிக் குஞ்சும் அசையும்வரை அவர் வாளியைவிட்டு எழும்பமாட்டார்.

ஒருநாள் ஒரு குஞ்சு மட்டும் அசையாமல் கிடந்தது. எங்களை ஏற்றிப்போகும் வான் புறப்படக் காத்து நின்றது.

"பயப்பிடாதேங்கோ அண்ணை, கொஞ்சக் கரண்ட்தானே. எழும்பியிடும்" என்றேன்.

அவர் நிமிரவில்லை. "ஆமிக் காம்பிலை எங்களுக்குக் கரண்ட் வைச்சவங்களும் அப்பிடித்தான் சொன்னவங்கள். ஆறு பேர் கிடந்தனாங்கள்."

எத்தனை பேர் எழும்பினார்கள் என்று கேட்க எனக்கு இன்றுவரை பயம். அன்றிலிருந்து அவர் பக்கத்தில் நானும் குந்தி, வாளிக்குள் பார்த்துக்கொண்டிருப்பேன்.